ஆம்பூர் ஷூ ஜெர்மனிக்கு எவ்வளவு போனது? மூன்று எண்களில் எதை எடுப்பது?

கேள்வி: வேலூரில் எம்.காம். இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். பழைய வட ஆற்காடு பகுதியிலிருந்து ஜெர்மனிக்குப் போகும் தோல் காலணி ஏற்றுமதியை ப்ராஜெக்டாக எடுத்திருக்கிறேன். இந்திய வணிக அமைச்சகத் தளத்தில் ஒரு எண் இருக்கிறது, ஐ.நா.வின் காம்ட்ரேடில் வேறொன்று, ஜெர்மன் புள்ளியியல் அலுவலகத்தில் மூன்றாவதாக ஒன்று. “எது சரியோ அதைப் போடு” என்கிறார் கைடு. எது சரி? இன்னொன்று, சி.எம்.சி.க்கு வரும் வங்காளதேச நோயாளிகளும் ஏற்றுமதிக் கணக்கில் சேர்வார்கள் என்று நண்பன் சொல்கிறான். உண்மையா?

பதில்:

ஏதாவது ஒன்றை “இதுதான் சரி” என்று எடுத்துப் போட்டால் வைவாவில் மாட்டிக்கொள்வீர்கள். மூன்று எண்ணும் மூன்று வெவ்வேறு காகிதத்திலிருந்து வந்தவை. ராணிப்பேட்டையில் ஏற்றுமதி டாக்குமென்டேஷன் பிரிவில் பல வருடம் உட்கார்ந்திருந்தவன் என்பதால், அந்தக் காகிதத்திலிருந்தே தொடங்குகிறேன்.

ஆம்பூரில் ஒரு ஷூ கம்பெனி ஒரு கன்டெய்னரை அனுப்புகிறது என்று வையுங்கள். கம்பெனி இன்வாய்ஸும் பேக்கிங் லிஸ்ட்டும் போட்டு சென்னையில் இருக்கும் கஸ்டம்ஸ் ஏஜென்டுக்கு அனுப்பும். அவர் அதை வைத்து சுங்கத்துறையின் ஐஸ்கேட் தளத்தில் ஷிப்பிங் பில் என்ற ஏற்றுமதிப் படிவத்தைத் தாக்கல் செய்வார். பொருளின் வகையைக் காட்டும் எட்டு இலக்க எச்.எஸ். கோடு, எத்தனை ஜோடி, எஃப்.ஓ.பி. மதிப்பு (கப்பலில் ஏற்றும் வரையிலான விலை), எந்தத் துறைமுகம், கடைசியில் போய்ச்சேரும் நாடு, உற்பத்தியான மாவட்டம் என்று வரிசையாகக் கட்டங்கள். சுங்க அதிகாரி லெட் எக்ஸ்போர்ட் ஆர்டர் கொடுத்ததும் பெட்டி கப்பலுக்குப் போகும், பில்லில் இருக்கும் விவரம் கொல்கத்தாவில் இருக்கும் டி.ஜி.சி.ஐ.எஸ். அலுவலகத்துக்குப் போகும். நாட்டின் சரக்கு வணிகப் புள்ளிவிவரம் முழுவதையும் தொகுப்பது அந்த அலுவலகம்தான். மாதாமாதம் 15-ஆம் தேதி வாக்கில் “ஏற்றுமதி இவ்வளவு, பற்றாக்குறை இவ்வளவு” என்று பத்திரிகையில் பார்க்கிறீர்களே, அதன் வேர் இந்த ஷிப்பிங் பில்.

அந்தப் பில்லை நிரப்புகிறவர் உங்கள் ப்ராஜெக்டை மனதில் வைத்து நிரப்புவதில்லை. டிராபேக் (கட்டிய சுங்க வரியில் திரும்பக் கிடைக்கும் பணம்) வர வேண்டும், ஜி.எஸ்.டி. ரீஃபண்ட் சிக்காமல் வர வேண்டும், பெட்டி கட்-ஆஃப் நேரத்துக்குள் உள்ளே போக வேண்டும். அவர் கவலை அவ்வளவுதான். ஆகவே ஒரு படிவத்தில் எந்தக் கட்டத்தில் பணம் ஒட்டியிருக்கிறது, எதில் ஒட்டவில்லை என்று முதலில் பாருங்கள். பணம் ஒட்டாத கட்டத்தில் பொய் இருக்காது, அசிரத்தை இருக்கும். பணம் ஒட்டிய கட்டத்தில் அசிரத்தை இருக்காது, ஆனால் எண் ஒரு பக்கம் சாய்ந்திருக்கலாம். எந்த நாட்டுப் புள்ளிவிவரத்தைத் தொட்டாலும் நான் முதலில் பார்ப்பது இதைத்தான்.

உங்கள் ஜெர்மனி எண்ணில் முதல் கோளாறு “போய்ச்சேரும் நாடு” என்ற கட்டத்தில். ஏற்றுமதி ஊக்கத்தொகை பெரும்பாலும் நாட்டைப் பார்த்து மாறுவதில்லை, அதனால் இது பணம் ஒட்டாத கட்டம். வாங்குகிற கம்பெனி ஜெர்மனியில் இருக்கும், அதன் கிடங்கு நெதர்லாந்தில் இருக்கும், பெட்டி ராட்டர்டாமில் இறங்கும். பில்லில் நெதர்லாந்து என்று விழுந்துவிடும். அதே ஷூ லாரி ஏறி டூசல்டார்ஃப் கடைக்குப் போவது நம் கணக்குக்குத் தெரியாது. இதை ராட்டர்டாம் விளைவு என்றே சொல்வார்கள். 2022-23-இல் இந்தியாவின் ஏற்றுமதிச் சந்தைகளில் நெதர்லாந்து மூன்றாம் இடத்துக்கு ஏறியது. டச்சுக்காரர்கள் திடீரென்று நம் பொருள் மேல் ஆசைப்பட்டுவிடவில்லை. பெரும்பகுதி பெட்ரோலியப் பொருள், அந்தத் துறைமுகம் வழியாக ஐரோப்பாவுக்குப் போனது.

கொழும்பில் பெட்டியை மாற்றி ஏற்றுவதால் இலங்கை என்று விழுந்துவிடாதா என்று கேட்பீர்கள். விழாது. அது வெறும் டிரான்ஷிப்மென்ட், பில்லில் இறங்கும் துறைமுகம் ஹாம்பர்க் என்றே இருக்கும்.

இனி அந்தப் பக்கம். 1993-இல் ஐரோப்பிய ஒன்றியத்தின் ஒற்றைச் சந்தை வந்தபோது உறுப்பு நாடுகளுக்கு இடையே சுங்கச்சாவடி போய்விட்டது. சாவடி போனதும் படிவமும் போயிற்று. அதற்குப் பதிலாக இன்ட்ராஸ்டாட் என்று ஒரு முறை வைத்தார்கள். கம்பெனிகள் தாங்களே மாதாமாதம் “இவ்வளவு அனுப்பினோம், இவ்வளவு வந்தது” என்று அறிக்கை தர வேண்டும். குறிப்பிட்ட வரம்புக்குக் கீழே வியாபாரம் செய்கிற சிறிய கம்பெனிகளுக்கு விலக்கு உண்டு, அவர்கள் பங்கை மதிப்பீடு செய்து சேர்ப்பார்கள். ராட்டர்டாமில் இந்திய ஷூவாக வரி கட்டி உள்ளே வந்த சரக்கு, ஜெர்மனிக்குள் நுழையும்போது இன்ட்ராஸ்டாட் கணக்கில் வரும்.

இங்கே ஒரு முடிச்சு இருக்கிறது. ஜெர்மன் புள்ளியியல் அலுவலகம் தன் நாட்டு வெளியீட்டில் இறக்குமதியை, பொருள் உருவான நாட்டின் பெயரில் எழுதுகிறது. எனவே ராட்டர்டாம் சுற்றி வந்த ஆம்பூர் ஷூவும் அங்கே “இந்தியா”தான். ஐரோப்பிய ஒன்றியத்தின் யூரோஸ்டாட் அதே வரவை, எந்த உறுப்பு நாட்டிலிருந்து அனுப்பப்பட்டதோ அந்த நாட்டின் பெயரில் எழுதுகிறது. அதில் அது “நெதர்லாந்து”. ஒரே ஷூ, ஒரே மாதம், ஒரே கடை, இரண்டு அலுவலகத்தில் இரண்டு தாய்நாடு. உங்கள் மூன்றாவது எண் ஜெர்மன் அலுவலகத்தின் எண் என்கிறீர்கள். அப்படியானால் அது இந்திய எண்ணைவிடக் கூடுதலாக இருந்தால் அதற்கு இதுவே போதுமான காரணம். யூரோஸ்டாட்டையும் திறந்து பக்கத்தில் வையுங்கள், வித்தியாசம் கண்ணுக்குத் தெரியும்.

இரண்டாவது காரணம் மதிப்பு. நாம் ஏற்றுமதியை எஃப்.ஓ.பி.யில் எழுதுகிறோம், அதாவது சென்னையில் கப்பலில் ஏற்றும் வரையிலான விலை. இறக்குமதி செய்கிற நாடு பெரும்பாலும் சி.ஐ.எஃப்.இல் எழுதும், சரக்குக் கட்டணமும் காப்பீடும் சேர்த்து. கணக்குக்கு ஒரு ஜோடி 25 டாலர் என்று வைத்தால், நம் ஏட்டில் 25, அவர்கள் ஏட்டில் 26-ஓ 27-ஓ. இந்த இடைவெளிக்கு உலகம் முழுவதற்கும் பொதுவாக 10 சதவீதம் என்று சர்வதேச நாணய நிதியம் வெகுகாலம் வைத்திருந்தது. பிறகு 6 சதவீதமாகக் குறைத்தது. அதை அப்படியே ஷூவுக்குப் போடாதீர்கள். ஷூ எடை குறைவு, இடம் அதிகம் அடைக்கும் சரக்கு. அதிலும் சீசன் ஆர்டர் தாமதமாகிவிட்டால் மீனம்பாக்கத்திலிருந்து விமானத்தில் ஏற்ற வேண்டியிருக்கும். டாக்குமென்டேஷன் பிரிவில் ‘ஏர்’ என்ற சொல் காதில் விழுந்தாலே எல்லார் முகமும் தொங்கிப்போகும். அந்த மாதத்தில் சரக்குக் கட்டணம் விலையில் பெரும் பங்கைத் தின்றுவிடும், எந்தப் பொது விகிதமும் அங்கே உதவாது.

மூன்றாவது காரணம் காலம். அமைச்சகத் தளம் ஏப்ரல் முதல் மார்ச் வரை. காம்ட்ரேடும் ஜெர்மனியும் ஜனவரி முதல் டிசம்பர் வரை. இது போதாதென்று கப்பல் போய்ச்சேர வாரக்கணக்கில் ஆகும். டிசம்பரில் நாம் ஏற்றியதை அவர்கள் அடுத்த வருடத்தில் எழுதுவார்கள். ரூபாயில் பார்க்கிறீர்களா டாலரில் பார்க்கிறீர்களா என்பதையும் கவனியுங்கள். ரூபாய் விழுந்த வருடத்தில் ரூபாய்க் கணக்கில் வளர்ச்சியும் டாலர் கணக்கில் தேக்கமும் ஒரே நேரத்தில் காட்டலாம். இரண்டு வரைபடமும் பொய் சொல்லவில்லை, ஆனால் ஒன்றை மட்டும் போட்டால் நீங்கள் சொல்வது பொய்யாகிவிடும்.

அப்படியானால் ஏற்றுமதி செய்கிறவர் கணக்கா, இறக்குமதி செய்கிறவர் கணக்கா, எதை நம்புவது? பொதுவாக இறக்குமதிப் பக்கம். உள்ளே வரும் பொருளுக்கு வரி வசூலிக்க வேண்டும் என்பதால் சுங்கத்துறை அதை உற்றுப் பார்க்கும், வெளியே போவதை அந்த அளவுக்குப் பார்க்காது. இதற்கு நல்ல சாட்சி அமெரிக்காவும் கனடாவும். 1990 முதல் இரண்டு நாடும் தம் இறக்குமதிக் கணக்கை ஒன்றுக்கொன்று கொடுத்துக்கொள்கின்றன. கனடாவுக்கு எவ்வளவு அனுப்பினோம் என்பதை அமெரிக்கா, கனடாவின் இறக்குமதிப் பதிவிலிருந்து எடுத்து எழுதுகிறது. தன் ஏற்றுமதிப் படிவத்தைவிட பக்கத்து வீட்டுக்காரனின் வரவு நோட்டு நம்பகமானது என்று ஒரு வல்லரசே முடிவு செய்திருக்கிறது.

ஆனால் இதிலும் பணம் ஒட்டிய கட்டத்தை மறக்காதீர்கள். வரி அதிகமான இடத்தில் இறக்குமதிக்காரர் மதிப்பைக் குறைத்துக் காட்டுவார். ஏற்றுமதி ஊக்கத்தொகை மதிப்பின் சதவீதமாக இருக்கும் இடத்தில் ஏற்றுமதிக்காரருக்கு மதிப்பை ஏற்றிக் காட்டும் சபலம் வரும். இரண்டு நாட்டு ஏடுகளை எதிரெதிரே வைத்துக் கழித்துப் பார்ப்பதற்குக் கண்ணாடிப் புள்ளிவிவரம் என்று பெயர். அந்த வித்தியாசத்தை அப்படியே எடுத்துக்கொண்டு “இவ்வளவு கறுப்புப் பணம் வெளியேறியது” என்று எழுதுகிறவர்கள் உண்டு. ராட்டர்டாமையும் சரக்குக் கட்டணத்தையும் கப்பல் நாட்களையும் கழிக்காமல் அப்படி எழுதுவது எனக்கு ஏற்புடையதில்லை.

முறையைக் கற்றுக்கொள்ள ஜெர்மனியைவிட அமெரிக்காவில் தொடங்குங்கள். அவர்கள் இறக்குமதியைச் சுங்க மதிப்பிலும் சி.ஐ.எஃப்.இலும் தனித்தனியாக வெளியிடுகிறார்கள். சுங்க மதிப்பு ஏறக்குறைய நம் எஃப்.ஓ.பி. மாதிரியே, அதனால் சரக்குக் கட்டணத்தை ஊகிக்கும் வேலையே இல்லை. பத்து இலக்கக் கோடு வரை பிரித்துக் காட்டுவார்கள். டேட்டாவெப் என்ற அரசுத் தளத்தில் இலவசமாகவே எடுக்கலாம். அதில் ஒரு வருடத்தை இந்திய ஏட்டோடு ஒப்பிட்டுக் கை பழகிய பிறகு ஐரோப்பாவுக்கு வாருங்கள்.

காம்ட்ரேடைப் பற்றிச் சுருக்கமாக. நியூயார்க்கில் உள்ள ஐ.நா. புள்ளியியல் பிரிவு நடத்துகிறது, 1962 முதல் தரவு இருக்கிறது. அங்கே இந்திய ஏற்றுமதி என்று இருப்பது இந்தியா அனுப்பிய அதே கணக்கு, காலண்டர் வருடத்துக்கு மாற்றியது. ஜெனிவாவின் டிரேட் மேப், உலக வங்கியின் விட்ஸ் இரண்டும் பெரும்பாலும் அதே கிணற்றில் இறைத்த தண்ணீர். தோல் ஏற்றுமதிக் கவுன்சிலின் அட்டவணைக்கும் மூலம் டி.ஜி.சி.ஐ.எஸ். தான். “நான்கு ஆதாரங்களில் சரிபார்த்தேன்” என்று ப்ராஜெக்டில் எழுதிவிடாதீர்கள், நீங்கள் பார்த்தது ஒரே ஆதாரத்தை. உண்மையிலேயே இரண்டு பக்கத்தையும் பொருத்திச் சமன் செய்த தரவு வேண்டும் என்றால் பாரிஸில் உள்ள செபி (CEPII, நம் பங்குச்சந்தை செபி இல்லை) நிறுவனம் தரும் பாசி (BACI) என்ற தொகுப்பைப் பாருங்கள். அதுவும் மதிப்பீடுதான், ஆனால் எப்படி மதிப்பிட்டார்கள் என்று வெளிப்படையாகச் சொல்வார்கள்.

காம்ட்ரேடில் அளவு பற்றிய பத்தியை மட்டும் சந்தேகத்தோடு பாருங்கள். ஒரு நாடு எடையோ எண்ணிக்கையோ தராவிட்டால் ஐ.நா.வே சராசரி அலகு மதிப்பை வைத்துக் கணக்கிட்டு நிரப்பும். நம் ஊரில் தோல் விற்பது சதுர அடியில், அங்கே நிற்பது கிலோ. மதிப்பை எடையால் வகுத்து “நம் தோலுக்கு விலை குறைந்தது” என்று எழுதினால், அது தோல் கனமானதைக் காட்டுகிறதா, விலை இறங்கியதைக் காட்டுகிறதா, ஐ.நா. கணினியின் ஊகத்தைக் காட்டுகிறதா என்று உங்களால் சொல்ல முடியாது.

அடுத்தது கோடு. எச்.எஸ். என்பது பிரஸ்ஸல்ஸில் இருக்கும் உலகச் சுங்க அமைப்பு வைத்திருக்கும் பட்டியல். 1988 ஜனவரியில் நடைமுறைக்கு வந்தது. ஆறு இலக்கம் வரை எல்லா நாட்டுக்கும் பொது, அதற்கு மேல் அவரவர் இஷ்டம். சில வருடத்துக்கு ஒருமுறை திருத்துவார்கள், 2022-இல் ஒரு திருத்தம் வந்தது. நீண்ட காலத் தொடர் எடுக்கும்போது திருத்த வருடத்தில் ஒரு கோடு பிரிந்தோ சேர்ந்தோ போயிருந்தால், வரைபடத்தில் குதிப்பு தெரியும். வியாபாரத்தில் குதிப்பு இருக்காது.

உங்கள் தலைப்பு “தோல் காலணி”. எச்.எஸ். பட்டியலில் எல்லாக் காலணிக்குமான அதிகாரம் 64 முழுவதையும் எடுத்தீர்களா, 6403 மட்டுமா? மேல்பாகம் தோலால் ஆன காலணிக்கு 6403. சோல் ஒட்டாத மேல்பாகம் மட்டும், அதாவது ஷூ அப்பருக்கு 6406. ஆம்பூர், வாணியம்பாடி, ராணிப்பேட்டை மூன்றிலும் முழு ஷூவோடு அப்பரும் தயாராகிப் போகிறது. ஐரோப்பாவில் அதற்கு சோல் ஒட்டி அங்கேயே முழு ஷூவாக்கி விற்பார்கள். அப்பரை விட்டுவிட்டால் இந்தப் பகுதியின் உழைப்பில் ஒரு பங்கு காணாமல் போகும். சேர்த்தால் “ஜோடி” கணக்கு குழம்பும். நான் இரண்டையும் தனித்தனி அட்டவணையில் வைப்பேன். அதிகாரம் 64-ஐ அப்படியே எடுப்பதில் இன்னொரு ஆபத்து செய்யாறு. அதுவும் பழைய வட ஆற்காடுதான். அங்கே சிப்காட் சிறப்புப் பொருளாதார மண்டலத்தில் தயாராகும் விளையாட்டு ஷூக்களில் தோல் மேல்பாகம் இல்லாதவை 6402, 6404 என்று வேறு கோட்டில் போகும். அந்தத் தொழிலின் வளர்ச்சியைத் தோல் தொழிலின் வளர்ச்சியாக எழுதிவிட்டால் ஆம்பூர்க்காரர்கள் சிரிப்பார்கள்.

பணம் ஒட்டிய கட்டத்துக்கு நம் ஊரிலேயே கிளாசிக் உதாரணம் இருக்கிறது, அதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்கிறேன். தோல் டேனரியில் படிப்படியாக மாறும்: பச்சைத்தோல், குரோம் ஏற்றிய ஈரமான வெட் ப்ளூ, காயவைத்த கிரஸ்ட், மேற்பூச்சு முடிந்த ஃபினிஷ்டு லெதர். 1972-இல் சீதாராமையா குழு, பதனிடாத தோலையும் பாதி பதனிட்டதையும் வெளியே அனுப்பாமல் இங்கேயே மதிப்புக் கூட்டி அனுப்ப வேண்டும் என்று பரிந்துரைத்தது. தடையும் ஒதுக்கீடும் ஏற்றுமதி வரியும் அதன் பின்னே வந்தன. எழுபதுகளின் புள்ளிவிவரத்தில் பாதி பதனிட்ட தோல் இறங்குவதும் முடிந்த தோல் ஏறுவதும் தெரியும். அது வாங்குபவர் ரசனை மாறியதால் வந்த மாற்றம் என்று யாராவது எழுதினால் நம்பாதீர்கள், டெல்லி ஆணையால் வந்தது.

அந்தக் கொள்கையின் எச்சமாகக் கிரஸ்ட் தோலுக்கு 20 சதவீத ஏற்றுமதி வரி சமீபம் வரை இருந்தது. ஃபினிஷ்டு தோலுக்கு இல்லை. இனி அந்தக் கட்டத்தை நிரப்புகிறவர் இடத்தில் நின்று பாருங்கள். கிரஸ்ட் மேல் ஒரு மெல்லிய பூச்சு அடித்தால் அது ஃபினிஷ்டா? மாட்டுத்தோலில் கிரஸ்ட் என்றால் 4104, அதற்கு மேல் வேலை செய்தது என்றால் 4107. ஒரு பூச்சில் கோடு மாறுகிறது, கோடு மாறினால் 20 சதவீதம் மிச்சம். அதனால்தான் ஃபினிஷ்டு தோலுக்கு விதிமுறை வகுத்து, சந்தேகம் வந்த சரக்கிலிருந்து துண்டு வெட்டி அடையாறில் உள்ள மத்திய தோல் ஆராய்ச்சி நிறுவனத்துக்கு அனுப்பிச் சோதிக்கும் வழக்கம் வந்தது. பிசிறில்லாமல் வெட்டிய சின்னத் துண்டு, அதன் பின்னால் சீல் வைத்த கவர், அது திரும்பி வரும் வரை ஆபீஸில் ஒருவருக்கும் நிம்மதி இருந்ததில்லை. 2025 பிப்ரவரி பட்ஜெட்டில் அந்த 20 சதவீதம் நீக்கப்பட்டது, வெட் ப்ளூ இறக்குமதிக்கு இருந்த 10 சதவீத அடிப்படைச் சுங்க வரியும் போயிற்று. எனவே அதற்குப் பிந்தைய கணக்கில் கிரஸ்ட் ஏறி ஃபினிஷ்டு இறங்கினால், “தொழில் பின்னடைவு” என்று எழுதும் முன் யோசியுங்கள். பொருள் மாறியிருக்கலாம். பெயர் மட்டும் மாறியிருக்கவும் கூடும்.

மாவட்ட வாரியாக எப்படி எடுப்பது என்று நீங்கள் கேட்கவில்லை, ஆனால் தலைப்பில் “வட ஆற்காடு” என்று இருப்பதால் சொல்லியே ஆக வேண்டும். 2020 பிப்ரவரி 15 முதல்தான் ஷிப்பிங் பில்லில் உற்பத்தியான மாவட்டத்தைக் குறிப்பது கட்டாயம். அதற்கு முந்தைய மாவட்டக் கணக்கு எதுவாக இருந்தாலும், யாரோ வேறு வழியில் கணக்கிட்டது. அந்தக் கட்டத்திலும் பணம் ஒட்டவில்லை. சென்னை பெரியமேட்டில் தலைமை அலுவலகம் வைத்திருக்கும் கம்பெனியின் பில்லில், பழக்கதோஷத்தில் சென்னை என்று விழ வாய்ப்புண்டு. பேரணாம்பட்டில் பதனிட்டு, ஆம்பூரில் வெட்டித் தைத்து, ராணிப்பேட்டையில் சோல் ஒட்டிய ஷூவுக்கு எந்த மாவட்டம் எழுதுவீர்கள்? எழுதுவதற்கு ஒரே கட்டம்தான்.

எல்லையும் நிற்கவில்லை. 1911-இல் சித்தூர் தனி மாவட்டமானது. 1989-இல் வட ஆற்காடு இரண்டாகி திருவண்ணாமலை பிரிந்தது. 2019 நவம்பரில் வேலூர் மூன்றானது. இப்போது ஆம்பூரும் வாணியம்பாடியும் திருப்பத்தூர் மாவட்டம், ராணிப்பேட்டை தனி மாவட்டம், பேரணாம்பட்டும் குடியாத்தமும் மட்டும் வேலூரில். “வேலூர் மாவட்டத் தோல் ஏற்றுமதி சரிந்தது” என்று 2019-க்கு முன்னும் பின்னும் ஒப்பிட்டு எழுதினால் மூன்று கலெக்டர் ஆபீஸ் சேர்ந்து எதிர்ப்பு தெரிவிக்கும். வேலூர், திருப்பத்தூர், ராணிப்பேட்டை, திருவண்ணாமலை நான்கையும் கூட்டி ஒன்றாக வைத்தால் மட்டுமே உங்கள் தலைப்புக்குப் பொருந்தும்.

அரசின் எண்ணே தவறிப்போவது உண்டா என்றால், உண்டு. 2024 நவம்பர் மாதத் தங்க இறக்குமதி முதலில் 14.8 பில்லியன் டாலர் என்று வந்தது. அந்த மாதப் பற்றாக்குறை 37.8 பில்லியன், அதுவரை காணாத உச்சம். தலைப்புச் செய்தி, விவாதம் எல்லாம் நடந்தது. பிறகு தங்கத்தின் கணக்கிலிருந்து சுமார் 5 பில்லியனைக் குறைத்தார்கள். சிறப்புப் பொருளாதார மண்டலங்களின் பதிவைத் தனி இணையத் தளத்திலிருந்து ஐஸ்கேட்டுக்கு மாற்றும்போது சில சரக்குகள் இரண்டு முறை எண்ணப்பட்டிருந்தன. திருத்தியதை நான் குறையாகப் பார்க்கவில்லை, திருத்தாத அலுவலகத்தைத்தான் பயப்பட வேண்டும். 2007-க்குப் பிறகு அர்ஜென்டினா பணவீக்கக் கணக்கை அரசியலுக்காக வளைத்ததும், 2013-இல் சர்வதேச நாணய நிதியம் கண்டனத் தீர்மானம் போட்டதும் வேறு ரகம். உங்களுக்கு இதில் வேலை ஒன்றுதான்: ஒவ்வொரு அட்டவணைக்கும் கீழே எந்தத் தேதியில் எடுத்தீர்கள் என்று எழுதுங்கள். அடுத்த வருடம் உங்கள் ஜூனியர் அதே பக்கத்தைத் திறந்தால் எண் மாறியிருக்கும்.

ஏற்றுமதியை மாவட்ட உற்பத்தியோடும் வேலைவாய்ப்போடும் ஒப்பிடப் போகிறீர்கள் என்றால், அந்தப் பக்கம் தரை இன்னும் ஈரம். ஆண்டுத் தொழிற்சாலைக் கணக்கெடுப்பு, மின்சாரத்தோடு பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் பதிவுபெற்ற ஆலைகளைப் பார்க்கிறது. ஆம்பூரைச் சுற்றிய கிராமங்களில் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து ஜோடிக்கு இவ்வளவு என்று அப்பர் தைக்கும் பெண்கள் அதில் வரமாட்டார்கள். அவர்கள் தைத்த ஷூ டாலரில் முழுதாக எண்ணப்படுகிறது, தைத்தவர் எண்ணப்படுவதில்லை. ஆலைத் தொழிலாளர் எண்ணிக்கையால் ஏற்றுமதியை வகுத்து “ஒரு தொழிலாளியின் உற்பத்தித்திறன்” என்று போட்டால் எண் அழகாக இருக்கும், அர்த்தம் இருக்காது. முறைசாராத் தொழில்களுக்குத் தனிக் கணக்கெடுப்பு வருகிறது, ஆனால் மாவட்ட அளவுக்கு அதன் மாதிரி தாங்குமா என்று பார்க்காமல் எடுக்காதீர்கள். நாட்டு வருமானக் கணக்குக்கும் இதே நோய்தான். 2015-இல் கொண்டுவந்த 2011-12 அடிப்படைத் தொடரில் முறைசாராப் பகுதியைப் பெரும்பாலும் பழைய அளவுகோலை நீட்டியே மதிப்பிட்டார்கள். 2025 நவம்பரில் சர்வதேச நாணய நிதியம் இந்தியாவின் நாட்டு வருமானக் கணக்குக்கு ‘சி’ மதிப்பெண் கொடுத்ததன் காரணங்களில் அந்தப் பழைய அடிப்படை ஆண்டும் ஒன்று.

“ஷிப்மென்ட் டேட்டா” விற்கிறோம் என்று உங்களுக்கு அழைப்பு வரும். வாங்காதீர்கள். சுங்கச் சட்டத்தில் 2022-இல் சேர்த்த 135ஏஏ பிரிவின்படி, ஏற்றுமதி இறக்குமதி பற்றிச் சுங்கத்துறைக்குக் கொடுத்த விவரங்களை அனுமதியின்றி வெளியிடுவது குற்றம். தரவு எங்கிருந்து வந்தது என்று விற்கிறவர் சொல்லமாட்டார், வைவாவில் உங்களாலும் சொல்ல முடியாது.

இனி உங்கள் நண்பன் சொன்னது. உண்மைதான். டாக்காவிலிருந்து சி.எம்.சி.க்கு வந்து காந்தி ரோட்டு லாட்ஜில் தங்கி, மருத்துவமனைக்கும் மருந்துக்கும் சோற்றுக்கும் செலவழிப்பவர், நாட்டின் வெளிநாட்டு வரவுசெலவுக் கணக்கில் (பேலன்ஸ் ஆஃப் பேமென்ட்ஸ்) “பயணம்” என்ற சேவை ஏற்றுமதி. நோயாளியும் மாணவரும் ஒரு வருடத்துக்கு மேல் தங்கினாலும் சொந்த நாட்டுவாசியாகவே கருதப்படுவார்கள். ஆகவே வி.ஐ.டி.யில் படிக்கும் வெளிநாட்டு மாணவரின் கட்டணமும் இதே வகை.

சிக்கல் என்னவென்றால் இங்கே ஷிப்பிங் பில் இல்லை. நோயாளி எந்தச் சாவடியிலும் தன் எஃப்.ஓ.பி. மதிப்பைச் சொல்லி நுழைவதில்லை. வங்கிகளும் பணமாற்று முகவர்களும் தரும் அறிக்கை, பயணிகளின் எண்ணிக்கை இவற்றை வைத்து மதிப்பிடுகிறார்கள், அதுவும் நாடு முழுவதற்கும். வேலூருக்கு என்று தனி எண் கிடைக்காது. காந்தி ரோட்டிலும் பாபு ராவ் தெருவிலும் வங்காள எழுத்துப் பலகைகளைப் பார்த்து ஊகிக்கவும் முடியாது. ஏனென்றால் அதே லாட்ஜில் அதே மொழி பேசிக்கொண்டு பக்கத்து அறையில் இருப்பவர் கொல்கத்தாக்காரராக இருப்பார். அவர் செலவு உள்நாட்டுச் செலவு, ஏற்றுமதியில் ஒரு பைசா சேராது. மீன் குழம்பு போடும் மெஸ்காரருக்கு இருவரும் ஒன்றுதான். விசாவை வைத்துப் பிரிக்கலாம் என்றால், மருத்துவ விசாவுக்கு மருத்துவமனைக் கடிதம் வேண்டும், அதனால் சுற்றுலா விசாவில் வந்து டாக்டரைப் பார்த்துவிட்டுப் போகிறவர்களும் உண்டு. 2024 ஆகஸ்டுக்குப் பிறகு வங்காளதேசத்தவருக்கு விசா வெகுவாகக் குறைக்கப்பட்டதால், அந்த இடத்தில் தொடர் ஒடிந்தும் இருக்கும்.

ஒரு காகிதம் மட்டும் இந்த இரண்டு பேரையும் பிரிக்கிறது. வெளிநாட்டவர் தங்கினால் 24 மணி நேரத்துக்குள் லாட்ஜ்காரர் அந்த விவரத்தை அரசிடம் பதிவு செய்தாக வேண்டும், செய்யாவிட்டால் அவர் மேல் நடவடிக்கை வரும். சி படிவம் என்று சொல்லிப் பழகியது இதைத்தான். பெயர், பாஸ்போர்ட் விவரம் எதுவும் கேட்காதீர்கள், கொடுக்கவும் மாட்டார்கள், கொடுக்கவும் கூடாது. கல்லூரிக் கடிதத்தோடு போய், மாதத்துக்கு எத்தனை சி படிவம் போட்டார்கள், சராசரியாக எத்தனை நாள் தங்கினார்கள் என்ற மொத்த எண்ணை மட்டும் சில லாட்ஜ்களில் கேட்டுப் பாருங்கள். கிடைத்தால் அதைச் சேவை ஏற்றுமதி பற்றிய தனி அத்தியாயமாக வையுங்கள். ஷூ அட்டவணையோடு கூட்டிவிடாதீர்கள்.